வங்காள நாடகத்துக்கு நான் சொன்ன தமிழ்

அரியலூரில் எங்கள் தெருவுக்கு அப்போது ஒரே டிவி, மரவாடிக்காரர் வீட்டில். ஒரு ஞாயிறு மதியம் வங்காள நாடகம் போட்டார்கள். பள்ளிக்கூடத்துப் பையனும் பெண்ணும் காதலிக்கிற கதை. அடியில் ஆங்கில எழுத்து ஓடியது. பத்தாம் வகுப்பில் ஆங்கிலத்தில் நான் முதல் என்பதால், கூடத்திலிருந்த இருபத்துமூன்று பேருக்கும் அதைத் தமிழில் சொல்வது என் வேலை. எனக்கு மட்டும் நாற்காலி.

மரவாடிக்காரரின் மகள் என் வகுப்பு. அடுப்படி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கும், அவர்கள் மரவாடியில் சுமை தூக்குகிறவரின் மகனுக்கும் பழக்கம். அவனும் எங்கள் வகுப்புதான். கணக்கு நோட்டின் அட்டைக்குள் கடிதம் வைத்து மாற்றிக்கொள்வார்கள். ஆறு முறை பார்த்திருக்கிறேன். என்னிடம் அவள் அந்த வருடம் பேசியது இரண்டு முறை. இரண்டும் ரப்பர் கேட்டு.

திரையில் பையன், மழை வரும் போலிருக்கிறது என்றான்.

"என்ன தம்பி சொல்றான்?" என்று கேட்டார் பக்கத்து வீட்டு அக்கா.

"கணக்கு நோட்டு அட்டைக்குள்ள லெட்டர் வச்சிருக்கேன், வூட்ல தெரியாம படிங்கிறான்" என்றேன்.

"பரவாயில்லயே, கணக்கு நோட்டுக்கு அப்படியாவது ஒரு உபயோகம்" என்றார் அக்கா.

எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. சட்டென்று உள்ளே போனாள். அவள் போன வேகத்தைப் பார்த்து அவள் அப்பா எழுந்து பின்னாலேயே போனார்.

திரும்பி வந்தபோது அவர் கையில் அட்டை கிழிந்த நோட்டும் ஒரு காகிதமும் இருந்தன. டிவி சத்தத்தைக் குறைத்தார்.

"நீதான் நல்லாப் படிப்பியே தம்பி. இதையும் படி."

"வேணாம்ப்பா" என்று உள்ளேயிருந்து அவள் குரல் வந்தது.

"சத்தமா படி" என்றார்.

படித்தேன். ஐந்து வரி. தடுமாறவில்லை. இருவரும் பாஸானால் ப்ளஸ் டூவுக்கும் ஒரே பள்ளிக்கூடத்தில் சேரலாம் என்று எழுதியிருந்தான்.

மறுநாளிலிருந்து அவளைப் பள்ளிக்கு அனுப்பவில்லை. பரீட்சைக்கு நாற்பத்தொரு நாள் இருந்தது. சுமைக்காரரை அன்றே நிறுத்திவிட்டார்கள். அவர் மகனைக் கூட்டிக்கொண்டு ஜெயங்கொண்டம் பக்கம் முந்திரித் தோப்பு வேலைக்குப் போய்விட்டார். அடுத்த ஞாயிறும் மரவாடிக்காரர் என்னைக் கூப்பிட்டனுப்பினார். போனேன்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று காரணங்களை எண்ணுவேன். ஒரு நாள் மூன்று வரும், ஒரு நாள் ஐந்து.

கணக்குப் பரீட்சையில் எனக்கு முன் மேசை அவளுடையது. அதில் வைத்த கேள்வித்தாளை சார் அரைமணி கழித்து எடுத்துக்கொண்டு போனார். மறைக்க ஆள் இல்லாததால் ஜன்னல் காற்று நேராக என் மேல் வந்தது. சுகமாக எழுதினேன்.