ஒற்றைச் செருப்பு

எங்கள் வயலில் படம் எடுக்க வந்த அந்த அம்மாவிடம் கதையும் இல்லை, வசனமும் இல்லை. பேண்டை முழங்கால் வரை சுருட்டிக்கொண்டு, தோளில் கேமராவோடு, நடவு நடும் பெண்கள் மாதிரி பின்பக்கமாகவே நடப்பார். சேற்றுழவு ஓட்டி முடித்துச் செருப்பை மாட்டிய என்னை வரப்பில் நிறுத்தினார்.

"அண்ணே, ஆட வர்றவங்க எல்லாரும் வெள்ளை வேட்டி. சேறு பட்டுட்டா மறுபடி எடுக்க முடியாது. அசையாம நில்லுங்க."

பறை முழங்கியது. அவர் கூட்டி வந்த நாடகக்காரர்களும் ஆட்டக்காரர்களும் வயலில் இறங்கினார்கள். படம் எடுத்தபடியே அந்த அம்மா பின்பக்கமாக நடந்து வாய்க்கால் விளிம்புக்கே போய்விட்டார். அவர் விழாமல் பிடிக்க ஓடிய நான், எருமை மாதிரி நடு வயலில் விழுந்தேன். பறை நின்றது. படத்தைக் கெடுத்த பாவி ஆனேன்!

"நிறுத்தாதீங்க! அண்ணே, இப்ப என்ன தோணுதோ செய்யுங்க!"

"ஒரு செருப்பக் காணோங்க!"

"அப்ப அதைத் தேடுங்க!"

தேடினேன். வெள்ளை வேட்டிகளெல்லாம் குப்புற விழுந்து என்னோடு தேடின. பறை வெறி பிடித்து அடித்தது. பள்ளிக்கூட நாடகத்தில் மரமாகக்கூட நிற்காத நான், அன்றைக்குக் கதாநாயகன்!

செருப்பு கிடைக்கவில்லை. கிளம்பும்போது மிச்சமிருந்ததையும் அவர் கேட்டு வாங்கி, கேமராப் பெட்டியில் பத்திரமாக வைத்துக்கொண்டார். எதற்கென்று இன்றுவரை விளங்கவில்லை. ஆனால் ஒவ்வொரு உழவிலும் மற்றதைத் தேடுகிறேன், கிடைத்தால் அவருக்குத்தான்.