கிழித்துப் போட்ட விருப்பப் படிவம்

எல்லைப் போராட்டம் நடந்த வருடங்களில் பாறசாலைக்கு அருகே ஒரு பத்திரப் பதிவு அலுவலகத்தில் நான் குமாஸ்தா. எங்கள் அதிகாரிக்குப் பேச்சுச் சத்தமே ஆகாது. அதனால் குறும்பெல்லாம் ஊமையாகவே நடக்கும்.

எதிர் மேசைக்காரர் என்னைவிடப் பத்து வயது மூத்தவர், பக்கத்தில் காரோடு ஊர்க்காரர். சட்டை கசங்கிவிடும் என்று பஸ்ஸில் உட்காராமல் நின்றே வருவார். ஒருநாள் அவர் மேசையில் வைத்திருந்த தலையெண்ணெய்க் குப்பியில் கோந்தை ஊற்றி வைத்தேன். சீப்பு முடியோடு ஒட்டிக்கொண்டது. அந்த நேரம் அதிகாரி உள்ளே வர, தலையில் சீப்பு நிற்க எழுந்து கும்பிட்டார். நாங்கள் பதிவேடுகளுக்குள் முகம் புதைத்துக் குலுங்கினோம்.

பிறகு போலி உத்தரவுகள். தலைமைக் குமாஸ்தா பதவி கிடைத்துவிட்டதாக நான் தட்டச்சு செய்து வைத்த தாளை நம்பி, புதுக் கோட்டு தைத்துப் போட்டு வந்தார். இரண்டாவது முறையும் நம்பினார்.

அப்புறம் எல்லை முடிவானது. விளவங்கோடு தாலுகா, குழித்துறையோடு சேர்ந்து, தமிழ்ப் பக்கம் போனது. நாங்கள் கேரளத்தில் நின்றோம். எந்தப் பக்கம் வேலை பார்க்க விருப்பம் என்று கேட்டு ஆளுக்கொரு படிவம் மூடிய உறையில் வந்தது. அவர் என்னைப் பார்த்துச் சிரித்தபடியே தன்னுடையதை நாலாகக் கிழித்தார்.

வாசலில் பிடித்துச் சொன்னேன். "அண்ணே, அது உள்ளதாக்கும், நான் செஞ்சதில்ல. குழித்துறைன்னு எழுதிக் குடுங்க."

"போ லே. மூணாவது தடவையும் நான் ஏமாறுவேனா?"

முகத்தில் அவ்வளவு பெருமை. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. என் படிவத்தை எடுத்துக் காட்டியிருக்கலாம். காட்டவில்லை.

படிவம் கொடுக்கும் கெடு முடிந்தது. விருப்பம் எழுதிக் கொடுக்காத அவரை வடக்கே மலபாருக்கு மாற்றினார்கள். அவர் மனைவி வாதத்தில் படுக்கையாகக் கிடப்பது அன்றுதான் எங்களுக்குத் தெரிந்தது. யாரிடமும் அவர் சொன்னதில்லை.

"இன்னும் ஒருக்கச் சொல்லியிருக்கப்படாதாலே, மக்கா?" என்று மட்டும் கேட்டார்.

நான் செய்ததை எல்லாம் ஒப்புக்கொண்டு, அவருக்கு இன்னொரு படிவம் கேட்டு மனு எழுதினேன். கெடு கடந்துவிட்டது என்று அதிகாரி திருப்பிக் கொடுத்துவிட்டார். நான் குழித்துறைக்குப் போனேன்.

மறுவருடம் அவர் மனைவி இறந்துபோனார். அடக்கம் முடிந்த மறுநாள்தான் மலபாரிலிருந்து அவரால் வந்துசேர முடிந்தது. நான் அவர் வீட்டு முற்றத்தில் நின்றிருந்தேன். அவர் என்னைக் கடந்து உள்ளே போனார். மழை பிடிக்கும்வரை நின்றுவிட்டுக் கிளம்பினேன்.