கால் பட்ட ஒரு செக்கன்

வீட்டில என்ர சொல்லை ஒருத்தரும் கேக்கிறேல்ல. பகிடி இல்லை, உண்மை. சாப்பிட வா எண்டு மகளை நாலு தரம் கூப்பிட்டாலும் அவள் ஹெட்போனோட இருப்பாள். ஆனா சனிக்கிழமையில நான் ஒரு விசில் ஊதினா இருபத்தாறு தடியங்கள் நிண்ட இடத்தில நிப்பாங்கள். இந்தச் சுகத்தைக் கண்டவன் விடுவானோ?

2009இல, நாப்பது வயசில, நான் ரக்பி லீக் நடுவரானனான். சிட்னியின்ர மேற்கில எங்கட வீட்டுக்குப் பின்னால ஒரு மைதானம். ஒருநாள் வேலிக்கரையில நிண்டு, "பந்தை முன்னுக்கு எறிஞ்சிட்டான், அது பிழை!" எண்டு தொண்டை கிழியக் கத்தினன். பக்கத்தில நிண்ட ஒரு வெள்ளைக்காரர், "இவ்வளவு தெரிஞ்சா நீயே வந்து ஊதன்" எண்டார். எனக்கு மூக்குக்கு மேல கோபம். அடுத்த கிழமையே போய்ப் பயிற்சிக்குப் பேர் குடுத்தன்.

மனுசி சிரிச்ச சிரிப்பு! "உங்களுக்கென்ன விசரே? ஊர்ச்சனம் சனிக்கிழமை கோயிலுக்குப் போகுது, நீங்கள் அரைக் காற்சட்டையோட சேத்துக்குள்ள ஓடுறியள். கிரிக்கெட் எண்டாலும் வெளிய சொல்லலாம்." தமிழ்ச் சனத்தின்ர பிறந்தநாள் வீடுகளில, "அது அமெரிக்கன் விளையாட்டெல்லோ?" எண்டு கேக்கிற அங்கிள்மாருக்கு விளங்கப்படுத்தியே என்ர தட்டில ரோல்ஸ் ஆறிப்போகும்.

ரெண்டு வருசம் சின்னப் பிள்ளையளின்ர ஆட்டங்களுக்கு ஊதினன். பெரிய ஆக்களின்ர ஆட்டத்துக்குப் போகோணும் எண்டா ஒரு பரிசோதகர் வந்து பாத்துப் புள்ளி போடோணும். ஒருக்கா ஃபெயில். ரெண்டாம் தரமும் விட்டா வயசுக்கு இனிச் சந்தர்ப்பம் இல்லை எண்டு முகத்துக்கு நேர சொல்லிப்போட்டினம். அந்த ரெண்டாம் தரம் 2011இல, ஒரு குளிர்காலச் சனி பின்னேரம் வந்தது. முதல்நாள் நான் சரியா நித்திரை கொள்ளேல்ல.

ஆட்டம் நல்லாத்தான் போனது. பிழையா ஒண்டும் ஊதேல்ல. கடைசி ரெண்டு நிமிசம். உள்ளூர் அணி ரெண்டு புள்ளி பின்னுக்கு. எதிரியின்ர கோட்டைத் தாண்டிப் பந்தை நிலத்தில வைச்சா அது டிரை, நாலு புள்ளி, வெற்றி. கோட்டுக்குப் பத்து அடி முன்னால, பந்தோட ஓடின உள்ளூர் அணி ஆள் ஒருவனை மூண்டு பேர் சேந்து விழுத்திச்சினம். பசிபிக் பக்கத்துத் தொங்காத் தீவுக்காரன், குளிர்சாதனப் பெட்டியளவு உடம்பு. அவன் எழும்பிப் பந்தைப் பின்னுக்கு நிண்ட தன்ர ஆளுக்கு உருட்டி விட்டுட்டுத் திரும்பவும் நிலத்தில கையை ஊண்டி முழங்காலில இருந்தான். நான் பின்பக்கமா நகரேக்க என்ர சப்பாத்து அவன்ர கையில ஏறிப்போட்டுது.

கால் பட்டா என்ன செய்வம்? தொட்டுக் கண்ணில ஒத்துவம். யோசிச்சுச் செய்யிற விசயமே அது? எனக்கு முன்னம் என்ர கை குனிஞ்சிட்டுது. அவன்ர தோளைத் தொட்டன், ரெண்டு கண்ணிலயும் ஒத்தினன். ஒரு செக்கன். நிமிர்ந்து பாக்கிறன், மூலையில ஆக்கள் குவியலாக் கிடக்கினம், சனம் "டிரை!" எண்டு கத்துது.

ஐயோ! நான் ஒண்டையும் காணேல்ல.

பக்கக் கோட்டில கொடியோட நிண்டவர் கிளப்பின்ர தொண்டர். பந்து வெளிய போனா கொடி தூக்குறது மட்டுந்தான் அவற்ற வேலை. முடிவு என்ர தலையில. கையை நீட்டி டிரை எண்டு காட்டிறது லேசு. வேலிக்கரை முழுக்கக் கை தட்டும். ஆனா காணாததைக் கண்டன் எண்டு எப்பிடிச் சொல்லுறது? "நான் பாக்கேல்ல. அதால டிரை இல்லை. என்ர பிழை" எண்டன். உள்ளூர் அணித் தலைவன் கோபத்தில துள்ளிக் குதிச்சான். வேலிக்கரையில இருந்து வந்த பேச்சுகளை இங்க எழுதேலாது. ரெண்டு புள்ளியால அவங்கள் தோத்துப்போனாங்கள்.

முடிஞ்ச கையோட பரிசோதகர் பேப்பரோட வந்தார். "அந்த நேரத்தில ஏன் குனிஞ்சனி?" எண்டு கேட்டார். கண்ணுக்குள்ள வேர்வை போச்சுது எண்டு சொல்லியிருக்கலாம். சொல்லேல்ல. கால் பட்ட கதையை முழுசாச் சொன்னன்.

"இனி அதைச் செய்யாம விடுவியோ?"

"அது ஏலாது. கை தானாப் போகும். ஆனா கை கீழ போகேக்க கண்ணை மேல வைச்சிருக்கப் பழகுறன்." சொன்னதோட நிக்காம, குனிஞ்சு அவற்ற சப்பாத்தைத் தொட்டபடி மைதானத்தைப் பாத்தும் காட்டினன். மனுசன் சிரிச்சுப்போட்டார்.

பிறகு சொன்னார்: "அது சரியான டிரை. நான் கண்டனான். நீ ஊகிச்சுக் குடுத்திருந்தாலும் சரியா வந்திருக்கும். ஆனா உன்னை ஃபெயிலாக்கியிருப்பன்." பேப்பரில கையெழுத்துப் போட்டுத் தந்தார். பாஸ்!

அந்தச் சந்தோசத்தில துள்ளித் திரும்பினா, பின்னால அந்தத் தொங்காக்காரன் நிக்கிறான். எல்லாத்தையும் கேட்டுக்கொண்டு நிண்டிருக்கிறான். அவன்ர வெற்றியை நான் பறிச்சுப்போட்டன், இப்ப அவனுக்கு முன்னால நிண்டு துள்ளுறன். எனக்கு வெக்கமாப் போச்சு.

"தோளைத் தொட்டுச் செய்வினை ஏதும் வைச்சிட்டாய் எண்டெல்லோ நினைச்சனான்" எண்டான். நான் மன்னிப்புக் கேக்க வாய் திறக்க, அவன் தலையாட்டி நிப்பாட்டினான். "பதினெட்டு வருசமா விளையாடுறன். எத்தினையோ பேர் என்னை மிதிச்சிட்டுப் போயிருக்கினம். குனிஞ்சவன் நீ ஒருத்தன்தான்."

கையை நீட்டினான். நான் மிதிச்ச கை, விரல்கள் வீங்கிப்போய் இருந்தது. நோகும் எண்டு நான் மெல்லப் பிடிச்சன். அவன் இறுக்கிப் பிடிச்சான்.