இரண்டு கிழமை விடுமுறை

இரண்டாயிரத்துப் பதினொன்றில் எனக்கு ஒன்பது வயது. பள்ளி விடுமுறைக்கு இரண்டு கிழமை, பதினாலு நாள், பெரியம்மா வீட்டில் நின்றுவிட்டு வரலாம் என்று சொல்லித்தான், அம்மா என்னை எங்கள் ஊரான லிட்கமிலிருந்து மெல்பேர்னுக்கு ரயிலில் கூட்டிப்போனார். என் உடுப்புகள் அத்தனையையும் பெட்டியில் அடுக்கியிருந்தார். மெல்பேர்னில் ஒரே நாளில் நாலு காலமும் வரும் என்றார். நம்பினேன்.

அப்பா இறந்து எட்டு மாதமாகியிருந்தது. மளிகைக்கடை போட அவர் வாங்கிய கடன் அவரோடு போகவில்லை. சிலர் வீட்டுக்கு வந்து தேத்தண்ணி குடித்துவிட்டு, அம்மாவோடு தணிந்த குரலில் பேசிப் போவார்கள். அவர்களை நான் விருந்தாளிகள் என்றே நினைத்திருந்தேன்.

மெல்பேர்னின் மல்கிரேவில் பெரியம்மா வீட்டில் ஒரு நாள் நின்றுவிட்டு அம்மா திரும்பிவிட்டார். விடுமுறை முடிய இரண்டு நாள் இருக்கையில் நான் பெட்டியை அடுக்கத் தொடங்கினேன். பெரியம்மா ஒரு பையோடு வந்தார். உள்ளே பச்சைக் கட்டம் போட்ட சட்டை.

"இது என்ரை யூனிபோர்ம் இல்லை, பெரியம்மா."

"இனி இதுதான் பிள்ளை. அம்மா உனக்குச் சொல்லேல்லையே?"

கழுத்துப் பட்டியில் என் பெயர் தைத்திருந்தது. அந்தத் தையல் அம்மாவுடையது. இங்கே நின்ற அந்த ஒரு நாளில், எனக்குத் தெரியாமல் தைத்திருக்கிறார்.  

அன்று மாலை அங்கிருந்து அம்மா எனக்குப் போன் எடுத்தார்.

"ரெண்டு வருஷம், குஞ்சு. வீட்டை விட்டிட்டன். நாலு பேர் ஒரு அறையில இருக்கிறம், அங்கை பிள்ளையளை விடமாட்டினம். கடன் முடிஞ்ச உடன வாறன்."

நான் போனைக் கட்டிலில் எறிந்தேன். அதன்பின் அவரோடு பேசவே இல்லை. சொன்னதற்கு நாலு மாதம் முந்தியே வந்து அம்மா என்னைக் கூட்டிப்போனார், அதுவரைக்கும் பேசவில்லை.

ஆனால் அவர் தினமும் மாலை ஆறு மணிக்குப் போன் எடுப்பார். பெரியம்மா ஓரிரு வார்த்தை பேசிவிட்டு, நான் சத்தம் போட்டு வாய்ப்பாடு படிக்கும் மேசையில் போனை வைத்துவிட்டுச் சமைக்கக் குசினிக்குள் போவார். அணைக்க மறந்துவிட்டார் என்று நினைத்து ஒருநாள் நானே பொத்தானை அழுத்தினேன். பெரியம்மா ஓடி வந்தார்.

"அதைத் தொடாதை பிள்ளை. அம்மா கேட்டுக்கொண்டிருக்கிறா."

நான் ஒழுங்காகப் படிக்கிறேனா என்று வேவு பார்க்கிறார் என்றுதான் எனக்குப் பட்டது. அன்றிலிருந்து அந்த மேசையில் வாயே திறக்கவில்லை. அப்படியும் அம்மா தினமும் அரை மணி நேரம் லைனில் இருந்தார்.