கல் என்றால் நேற்றா, நாளையா?

வியாழன் காலை எழுந்ததும் முதல் வேலையாகக் குடியிருப்பின் தண்ணீர் மோட்டாரைப் போட்டேன். அன்று என் முறை. தொட்டி நிரம்புவதற்குள் வசந்தாக்காவின் மகன் கார்த்திக் செங்கல்பட்டிலிருந்து அழைத்தான். “அம்மா தூக்கத்துலயே போய்ட்டாங்க ஆன்ட்டி.” படியில் உட்கார்ந்தேன். முதலில் வந்தது அழுகை இல்லை, நிம்மதி. இனி அவருக்கு வலி இல்லை.

படூரில் நாங்கள் சனிக்கிழமைதோறும் சேர்ந்து படம் பார்க்கும் கூட்டத்துக்கு வந்தவர்களுக்கு அக்காவின் குரல் மறக்காது. நாக்பூரில் வங்கி வேலை பார்த்தவர். இந்திப் படங்களை வரிவரியாகத் தமிழில் சொல்வார். அவருக்கு மிகவும் பிடித்தது, கல்யாண பேண்டு வாசிக்கும் ஒருத்தியைப் பற்றிய படம். அடிக்கிற கணவன் ஒருநாள் மாடிப்படியில் விழுந்து சாகிறான். பிணத்தைப் பெரிய டிரம்முக்குள் வைத்து மாப்பிள்ளை ஊர்வலத்தில் தூக்கிப்போகிறாள். டிரம் அடிப்பவன், “சத்தமே வரல” என்று சலித்துக்கொள்ளும்போது விழுந்துவிழுந்து சிரித்தோம். பிறகு சிரித்ததற்காகக் கூசினோம்.

“புருஷனை எப்போ பாத்தே?” என்று படத்தில் இன்ஸ்பெக்டர் கேட்க, அவள் இந்தியில் “கல்” என்றாள்.

“கல்லால அடிச்சேன்னு ஒத்துக்கினாளே!” என்று துள்ளினார் எங்களோடு படம் பார்த்த நடராஜன் சார்.

“அய்யோ சார், கல்லுன்னா நேத்து” என்றார் அக்கா.

ஸ்டேஷனுக்கு எப்போது வருவாய் என்றதற்கும் “கல்” என்றாள்.

“நாளைக்காம்” என்றார் அக்கா.

“இப்பதான் நேத்துன்னீங்க! இன்னாம்மா, நீங்களும் அவளுக்குக் கூட்டா?”

அவன் தானாக விழுந்தானா, அவள் தள்ளினாளா? படம் சொல்லவில்லை. நாங்கள் சண்டை போட்டோம். அக்கா விளக்கைப் போட்டுவிட்டு, “படம் எடுத்தவனே தீர்ப்பு சொல்லல. உங்களுக்கு இன்னா அவசரம்? காப்பி ஆறுது” என்றார்.

இந்த வருடம் அக்காவின் நோய் திரும்பியது; மருத்துவர்கள் இரண்டாவது அறுவை சிகிச்சை செய்யலாம் என்றார்கள். அக்காவுக்கு விருப்பமில்லை. “கார்த்திக்கிட்ட நீ சொல்லுடி. நான் சொன்னா அழுவான், அவன் அழுதா நான் ஒத்துப்பேன்.” சொன்னேன். அறுவை சிகிச்சை நடக்கவில்லை. அதன்பின் அக்கா மாமல்லபுரம் கடற்கரையில் காற்று வாங்கினார், வறுத்த மீன் கேட்டுச் சாப்பிட்டார், என்னைக் கேலி செய்தார். கார்த்திக் மட்டும் என்னிடம் முகம் கொடுக்கவில்லை.

தகனம் முடிந்ததும் அவன் கேட்டான்: “நீங்க பேசாம இருந்திருந்தா அம்மா ஒத்துகினு இருப்பாங்க. இன்னும் கொஞ்ச நாள் இருந்திருப்பாங்க, இல்ல?”

இருந்திருக்கலாம். வலியோடு இருந்திருக்கலாம். எனக்குத் தெரியவில்லை. தெரியாததைத் தெரியாததாகவே வைத்துக்கொண்டு காப்பி குடிக்கும் தைரியம், அதுதான் அக்காவிடமிருந்து எனக்கு மிஞ்சியது.

காரியத்தன்று அவனிடம் மன்னிப்புக் கேட்கச் சொல்லி வீட்டில் வற்புறுத்துகிறார்கள். தலையாட்டியிருக்கிறேன். ஆனால் கேட்கப்போவதில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, அவன் திட்டி முடிக்கும்வரை எழுந்திருக்க மாட்டேன்.