பணியிடம் கேட்ட மனு

லோகிந்தர் டாக்கூர் சிம்லா உயர் நீதிமன்றத்தில் பத்தொன்பது வருடமாக வாதாடுகிறார். பாதிக்குப் பாதி ஆசிரியர் இடமாற்ற வழக்குகள்தான். மூட்டுவலி, மாமியாரின் இருதய நோய், பிள்ளையின் பரீட்சை என்று காரணங்கள் அவருக்கு மனப்பாடம். எல்லா மனுவும் கடைசியில் கேட்பது ஒன்றே: என்னை அனுப்பாதீர்கள்.

கின்னோர் மலை மாவட்டத்திலிருந்து ஆசிரியை ஜங்மோ நேகி வந்தபோதும் லோகிந்தர் அப்படித்தான் எழுதினார். ஐம்பத்து மூன்று வயது. மலைமேல் ஒரு தொடக்கப் பள்ளியில் இருபத்தாறு வருட வேலை; இப்போது வேறு ஊருக்கு மாற்றல் உத்தரவு. மனுவைப் படித்த ஜங்மோ பாதியில் அடித்துத் திருத்தப் பேனா கேட்டார்.

“வக்கீல்ஜி, என் முழங்காலை எதுக்கு உள்ள இழுத்தீங்க? அது நல்லாத்தானே இருக்கு.”

“கோர்ட்டுக்கு இரக்கம் வரணுமே, மேடம்ஜி.”

“என் மேல வேண்டாம். ரெண்டாவது டீச்சர் இடத்தையே எடுத்துட்டாங்க. அதைத் திருப்பித் தரச் சொல்லுங்க, போதும். நான் எங்க அனுப்பினாலும் போறேன்.”

சரியாகத்தான் கேட்டோமா என்று லோகிந்தருக்குச் சந்தேகமாகிவிட்டது.

நவம்பர் கடைசியில் ஓர் அதிகாரி வகுப்பில் தலை எண்ணியிருக்கிறார். எட்டுப் பிள்ளைகள். எட்டுப் பேருக்கு இரண்டு ஆசிரியர் எதற்கு என்று எழுதிவிட்டார். ஆட்டு மந்தைகளோடு பாதி ஊர் அடிவாரத்துக்கு இறங்கிவிடும் மாதம் அது.

விசாரணையில் அரசு வக்கீல், “ஊர்லயே இல்லாத பிள்ளைகளை எப்படி எண்ணுறது?” என்று சிரித்தார்.

ஜங்மோ அனுமதி கேட்டு எழுந்தார். கையில் ஒரு தாள்கூட இல்லை.

“மொத்தம் பதினாலு பேர், ஐயா. கேசாங், ஏழு வயசு, இப்ப கீழ நாலாகட்ல ஆத்தோரம் இருக்கான். கழித்தல் கணக்குல தடுமாறுவான். சிமெத், பிலாஸ்பூர் பக்கம். இப்பத்தான் எழுத்துக் கூட்டிப் படிக்கிறா…”

பதினான்கு பெயர்களும் வந்தன. நீதிபதி எழுதிக்கொண்டிருந்ததை நிறுத்தினார்.

“இதெல்லாம் உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“போன மாசம் கூடாரம் கூடாரமாப் போய்ப் பாடம் நடத்திட்டு வந்தேன், ஐயா. வருஷா வருஷம் போறதுதான். பனியில பள்ளிக்கூடத்தை மூடிடுவாங்க, வீட்டுல உக்காந்து நான் என்ன பண்ண?”

இதை லோகிந்தரிடமே அந்த அம்மாள் சொல்லியிருக்கவில்லை.

பணியிடம் திரும்பக் கிடைத்தது. ஜங்மோவின் மாற்றல் உத்தரவும் ரத்து.

“இனி உங்களை எவனும் அசைக்க முடியாது, மேடம்ஜி,” என்றார் லோகிந்தர் வராந்தாவில்.

“என்னைப் போகச் சொன்ன ஊரைப் போய்ப் பார்த்தேன், வக்கீல்ஜி. முப்பத்தொரு பிள்ளைங்க. ஒரு டீச்சர்கூட இல்ல. அங்க போக நானே விருப்ப மனு கொடுத்துட்டேன்.”

லோகிந்தர் கும்பிட்டார்.

ஜூனில் ஜங்மோவின் இடத்துக்குப் புது ஆசிரியை வந்தார். ஜங்மோ இரண்டு வாரம் உடனிருந்து, எந்தக் குடும்பம் குளிருக்கு எங்கே தங்கும் என்று சொல்லிக்கொடுத்துவிட்டு, ஒரு தகரப் பெட்டியோடு கணவாயைக் கடந்து போனார்.