ஒசாகாவில் செத்தேன், உடுவிலில் துக்கம் விசாரித்தார்கள்

1. முதல் நாள்

முதல் நாளே என்னைக் கொன்றுவிட்டார்கள். கணவரின் வேலைக்காக ஒசாகா போய், மொழி படித்த காலத்தில் அகப்பட்ட வேலை அது. மலிவான பேய்ப் படங்கள் எடுக்கும் ஒரு சின்னக் கம்பனி. டிரெக்டர் என் நீளத் தலைமயிரைப் பார்த்துவிட்டு, வசனம் தேவையில்லை என்றார். பிறகு கிணற்றுக்குள், ஃப்ரிட்ஜுக்குள், ஒருமுறை ராட்சத நண்டின் வாயில் என்று பல வருடங்கள் செத்தேன். அதே படங்களைத் திரும்பத் திரும்பப் பார்க்கும் ஒரு ரசிகர் கூட்டம், நான் அலறும் முகத்தை டீசேர்ட்டில் அடித்துப் போட்டுக்கொண்டு திரிந்தது.

செத்த பிறகு என் போட்டோவைக் கறுப்பு ரிபனோடு வைத்து ஊதுபத்தி கொளுத்துவார்கள். காட்சி முடிந்ததும் டிரெக்டர் குனிந்து மன்னிப்புக் கேட்பார். உயிரோடு இருப்பவரின் படத்தை அப்படி வைப்பது அங்கேயும் கூடாத காரியம்.

2. செத்தவீடு

உடுவிலுக்குத் திரும்பிய பின் மகள் நிலானிக்கு அளவெட்டியில் ஒரு சம்பந்தம் பொருந்தியது. பல வருடங்களில் பொருந்தியது அது ஒன்றுதான். மாப்பிள்ளையின் ரொறன்ரோ மாமி விசாரணைக்காக என் பெயரை இணையத்தில் தேடியிருக்கிறார். அகப்பட்டது கறுப்பு ரிபன் போட்டோ. ஜப்பானிய எழுத்து அவருக்கு விளங்கவில்லை, ரிபன் விளங்கியது. உடனே அதை வைபரில் மாப்பிள்ளை வீட்டுக்கு மரண அறிவித்தலாக அனுப்பிவிட்டார்.

மறுநாள் மாப்பிள்ளையும் தாயும் வெள்ளை உடுத்து வந்து படலையைத் தட்டினார்கள். திறந்தது நான்.

தாய் மதிலைப் பிடித்துக்கொண்டார். "ஐயோ, நீங்கள் செத்திட்டியள் எண்டெல்லோ சொன்னவை!"

"அது படம் அக்கா, நடிப்பு. உள்ளுக்கு வாங்கோ."

உள்ளே வந்திருந்து போனில் நண்டுப் படத்தையும் பார்த்தார்கள். துக்கம் போய்க் கோபம் வந்தது. உயிரோடு இருப்பதற்காக யாரும் என்னை அதுவரை கோபித்ததில்லை.

"எத்தினை தரம் செத்தனீங்கள்?"

"எண்ணேல்லை அக்கா."

"பொட்டு வைச்சுக்கொண்டோ செத்தனீங்கள்?"

நண்டு அதைக் கவனிக்கவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். மகளை நினைத்து அடக்கினேன்.

"சரி, கலியாணத்தை நிப்பாட்டேல்லை. ஆனா தாலி கட்டேக்கை நீங்கள் மண்டபத்துக்குள்ளை நிக்கக் கூடாது. ரிபன் போட்ட முகமெல்லோ."

"ஓம் அக்கா" என்றேன். இதுவும் தவறினால் என்ற பயம்.

தேத்தண்ணியோடு வந்த நிலானி மாப்பிள்ளையைப் பார்த்தாள். "நீங்கள் என்ன சொல்லுறியள்?"

"அம்மா சொன்னாச் சரிதானே."

"படத்தைப் பாத்தனீங்களோ?"

"ஓம்."

"பயந்தனீங்களோ?"

"சரியாப் பயந்திட்டன்."

"அப்ப என்ரை அம்மா நல்லா நடிச்சிருக்கிறா. தேத்தண்ணியைக் குடிச்சிட்டு வெளிக்கிடுங்கோ."

சம்பந்தம் கொண்டுவந்த தரகர் இப்போது என் போனை எடுப்பதில்லை. படலை தட்டும் சத்தம் கேட்டால் எனக்கு இன்னும் நெஞ்சு பதறுகிறது. நிலானி நிம்மதியாக இருக்கிறாள். என் நடிப்புக்கு ஊரில் கிடைத்த ஒரே பாராட்டு அவளுடையதுதான். அதற்கு விலையாக ஒரு மருமகன் போனார்.

இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகளே, சம்பந்தம் பேச வருகிறவர்களுக்கு முதலில் படத்தைப் போட்டுக் காட்டுங்கள். ஓடுகிறவர்கள் தேத்தண்ணி ஊற்றும் முன்பே ஓடட்டும். சீனியாவது மிஞ்சும்.